ஃபிடே ரேட்டிங் தளம்: வகுப்புக்குப் பணம் கட்டுமுன் ஒருமுறை பாருங்கள்

கோலாலம்பூரிலும் கிள்ளான் பள்ளத்தாக்கிலும் பிள்ளைகளைச் சதுரங்க வகுப்பில் சேர்க்கும் பெற்றோருக்கு, அனைத்துலகச் சதுரங்கச் சம்மேளனமான ஃபிடேவின் ரேட்டிங் தளத்தைவிடப் பயனுள்ள சேவை வேறு இல்லை. பெயர் பதிவு செய்ய வேண்டாம், ஒரு வெள்ளி செலவும் இல்லை. பயிற்சியாளர் விளம்பரத்தில் என்ன போட்டிருந்தாலும் சரி, ஃபிடே அவருக்குக் கொடுத்த பட்டமும் ரேட்டிங்கும் (ஆட்ட பலத்தைக் காட்டும் எண்) அங்கே இருக்கும். ஒரே குறை, அந்தப் பக்கத்தை எப்படிப் படிப்பது என்று தளம் சொல்லித் தருவதில்லை.

முதல் தடுமாற்றம் பெயரைத் தேடும்போதே வரும். தளம் குடும்பப் பெயரை முன்னால் எதிர்பார்க்கிறது. நம் பெயர்களில் அது கிடையாது. ஆனந்த் அங்கே 'ஆனந்த், விஸ்வநாதன்'. குகேஷோ 'குகேஷ் டி'. மலேசியப் பெயர்களில் 'ஏ/எல்' (மகன்), 'ஏ/பி' (மகள்) வேறு சேர்ந்துகொள்ளும். அப்பா பெயர் முன்னால் வந்ததா பின்னால் வந்ததா என்பது பதிவு செய்தவரைப் பொறுத்தது. ஆகவே பெயரின் ஒரு பகுதியை மட்டும் போட்டு, நாட்டை மலேசியா என்று தேர்ந்தெடுத்துத் தேடுங்கள். கிடைத்ததும் ஃபிடே எண்ணைக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். போட்டிப் பாரம் நிரப்பும்போதெல்லாம் அந்த எண்ணையே எழுத வேண்டும். எண் இல்லாமல் பெயரை மட்டும் எழுதப் போய், ஒரே பிள்ளைக்கு இரண்டு எண் உருவாகிவிட்டால் ஆட்டங்கள் இரண்டு பக்கமாகச் சிதறும். அதைச் சரி செய்ய மலேசியச் சதுரங்கச் சம்மேளனம் வழியாகத்தான் கேட்க முடியும்.

அடுத்து, பட்டம். கிராண்ட்மாஸ்டர் பட்டத்துக்கு ரேட்டிங் ஒருமுறையாவது 2500ஐத் தொட்டிருக்க வேண்டும். கூடவே, மொத்தம் குறைந்தது 27 ஆட்டங்கள் கொண்ட நார்ம்களும் வேண்டும். ஒரு நார்ம் என்றால் பொதுவாக 9 சுற்றுப் போட்டி ஒன்றில் 2600 அளவுக்கு விளையாடுவது. எதிராளிகளில் குறைந்தது மூவர் கிராண்ட்மாஸ்டராக இருக்க வேண்டும். வெளிநாட்டு ஆட்டக்காரர்களும் போதிய எண்ணிக்கையில் வேண்டும். உள்ளூரில் எத்தனை போட்டி வென்றாலும் நார்ம் கிடைக்காததற்குக் காரணம் இதுதான். ஐ.எம். (இன்டர்நேஷனல் மாஸ்டர்) பட்டத்துக்கு ரேட்டிங் 2400, நார்ம் அளவு 2450. எஃப்.எம்.முக்கு (ஃபிடே மாஸ்டர்) 2300, சி.எம்.முக்கு (கேண்டிடேட் மாஸ்டர்) 2200, இந்த இரண்டுக்கும் நார்ம் தேவையில்லை. பெண்களுக்கான தனிப் பட்டங்களில் உயர்ந்ததான டபிள்யூ.ஜி.எம்.முக்கு (பெண் கிராண்ட்மாஸ்டர்) ரேட்டிங் 2300. சென்னையின் வைஷாலி 2018இல் அந்தப் பட்டத்தை வாங்கி, பிறகு ஐ.எம். ஆகி, 2023 டிசம்பரில் 2500ஐத் தாண்டி முழு கிராண்ட்மாஸ்டர் தகுதியை எட்டினார். ஒரு பெண் பிள்ளையின் வளர்ச்சிப் பாதையைப் படிக்க அவருடைய பக்கம் நல்ல பாடம்.

பட்டம் ஆயுளுக்கும் நிலைக்கும். ரேட்டிங் மாதா மாதம் மாறும். ஓராண்டு ரேட்டிங் ஆட்டம் எதுவும் ஆடாதவரைத் தளம் 'செயலில் இல்லை' என்று குறிக்கும். பழைய மாஸ்டர் ஒருவர் அப்படி இருந்தால் அது குற்றம் இல்லை, பலர் கற்பிப்பதற்காகவே ஆடுவதை நிறுத்தியவர்கள். கவனிக்க வேண்டியது 'ஏ' என்று தொடங்கும் பட்டங்களை. ஏ.ஜி.எம். என்பது அரீனா கிராண்ட்மாஸ்டர். ஃபிடேவின் இணைய அரங்கில் ஆடி வாங்குவது, அதற்கு அந்த அரங்கின் ரேட்டிங்கில் 2000 போதும். கிராண்ட்மாஸ்டருக்கும் அதற்கும் மலைக்கும் மடுவுக்குமான தூரம். விளம்பரத்தில் 'கிராண்ட்மாஸ்டர்' என்ற சொல் மட்டும் பெரிய எழுத்தில் இருந்தால் உடனே பக்கத்தைத் திறந்து பாருங்கள். தொடக்க நிலைப் பிள்ளைக்கு, ஃபிடே பயிற்சியாளர் சான்றிதழ் (என்.ஐ. எனும் தேசியப் பயிற்றுநர், எஃப்.ஐ. எனும் ஃபிடே பயிற்றுநர், எஃப்.டி. எனும் ஃபிடே பயிற்சியாளர்) உள்ளவரே போதும் என்பது என் கருத்து.

தளத்தின் உண்மையான அருமை 'கணக்கீடுகள்' பகுதியில் இருக்கிறது. பலர் அதைத் திறப்பதே இல்லை. மாதத்தைச் சொடுக்கினால் ஒவ்வொரு ஆட்டமும் எத்தனை புள்ளி கொண்டுவந்தது என்று வரிசையாக வரும். 18 வயதுக்குக் கீழ், 2300க்குக் குறைவாக உள்ளவர்களுக்கு கே காரணி (புள்ளி மாற்றத்தைக் கணக்கிடப் பெருக்கும் எண்) 40. 1500 உள்ள பிள்ளை 1700 உள்ளவரை வென்றால், எதிர்பார்ப்பு (ரேட்டிங் வித்தியாசப்படி அந்த ஆட்டத்தில் எதிர்பார்க்கப்படும் புள்ளி) 0.24 என்பதால் மிச்சம் 0.76ஐ 40ஆல் பெருக்கி 30.4 ஏறும். 1600 உள்ளவரிடம் தோற்றால் 14.4 இறங்கும். சமமானவரோடு டிரா செய்தால் மாற்றமே இல்லை. 'ஏழில் ஐந்து வென்றும் புள்ளி ஏறவில்லையே' என்று வருந்துபவர்கள் ஆட்ட எண்ணிக்கையைப் பாருங்கள்: ரேட்டிங் இல்லாத எதிராளியுடன் ஆடியதும், எதிராளி வராமல் கிடைத்த வெற்றியும் கணக்கில் சேராது. இன்னொன்று, கே காரணியை ஆட்ட எண்ணிக்கையால் பெருக்கினால் 700ஐத் தாண்டக்கூடாது. பள்ளி விடுமுறையில் ஒரே மாதத்தில் 20 ஆட்டம் ஆடிய பிள்ளைக்கு கே 35ஆகக் குறையும்.

ஒருவருடைய பக்கத்தில் உள்ள ரேட்டிங் வரைபடத்தைப் பார்க்கும்போது 2024 மார்ச்சில் ஒரு செங்குத்தான ஏற்றம் தெரியும். அந்த மாதம் ஃபிடே 2000க்குக் கீழ் இருந்த எல்லாருக்கும், 2000க்கு உள்ள இடைவெளியில் 40 விழுக்காட்டைக் கூட்டிக் கொடுத்தது. 1200 இருந்தவர் 1520 ஆனார். 1500 இருந்தவர் 1700. யாருடைய பயிற்சியாலும் வந்த ஏற்றம் அல்ல அது. மாணவர் முன்னேற்றம் என்று அந்த வரைபடத்தை யாராவது காட்டினால், 2024 ஏப்ரலுக்குப் பிந்தைய பகுதியை மட்டும் எடைபோடுங்கள். அதே மாதம் முதல் மிகக் குறைந்த ரேட்டிங்கும் 1400 ஆகிவிட்டதால், அதற்கு முந்தைய எண்களோடு இன்றைய எண்களை நேராக ஒப்பிடவும் முடியாது.

ஸ்டாண்டர்ட் (நீண்ட நேர ஆட்டம்), ரேபிட் (விரைவு ஆட்டம்), பிலிட்ஸ் (மின்னல் வேக ஆட்டம்) என்று மூன்று ரேட்டிங் எண்கள் இருக்கும். ஒரே நாளில் ஏழு சுற்று முடிந்துவிடும் வார இறுதிப் போட்டிகள் பெரும்பாலும் ரேபிட் வகை. அந்த எண் எவ்வளவு உயர்ந்தாலும் எஃப்.எம். முதலான பட்டங்களுக்கு உதவாது. பட்டம்தான் இலக்கு என்றால் நீண்ட நேர ஆட்டங்களுக்கு ஆண்டின் செலவை ஒதுக்குங்கள்.

குறைகளையும் சொல்ல வேண்டும். ஃபிடேவுக்குக் கணக்கு அனுப்பப்படாத பள்ளிப் போட்டிகள் இங்கே வரவே வராது. ஆகவே எம்.எஸ்.எஸ்.டி. (மாவட்டப் பள்ளி விளையாட்டு மன்றம்), எம்.எஸ்.எஸ்.எம். (மலேசியப் பள்ளி விளையாட்டு மன்றம்) போட்டிப் பதக்கங்களின் சான்றிதழ்களை வீட்டிலேயே கோப்பில் பாதுகாக்க வேண்டும். ஒரு போட்டியில் சுற்றுவாரியாக யாரோடு ஆடினார், எந்த இடத்தில் முடித்தார் என்று பார்க்க செஸ்-ரிசல்ட்ஸ் தளமே வசதி. மாதப் பட்டியல் முதல் தேதியில் வரும். மாதத்தின் கடைசி நாள்களில் முடிந்த போட்டி அடுத்த பட்டியலில் இல்லையென்றால் பதற வேண்டாம், இன்னொரு மாதம் பொறுங்கள். அப்போதும் வரவில்லையென்றால் போட்டி ஏற்பாட்டாளரிடம் ஃபிடே எண்ணையும் போட்டியின் பெயரையும் எழுத்தில் கொடுத்துக் கேளுங்கள்.