20 சதவீதமா, 10 சதவீதமா?

வருமான வரியில் மேல்முறையீடு போட்டாலே வசூல் நின்றுவிடாது. அதை நிறுத்தி வைக்கத் தனியாக மனு கொடுக்க வேண்டும்; 1961 வருமான வரிச் சட்டத்தில் இது 220(6) பிரிவு. அதற்கு அதிகாரி வழக்கமாக முன்கூட்டிக் கட்டச் சொல்வது தகராறான வரியில் 20 சதவீதம். 2016இல் 15ஆக இருந்ததை வரித் துறையின் 2017 சுற்றறிக்கை உயர்த்தியது. ஆனால் அது சட்டமல்ல, அதிகாரிகளுக்கான வழிகாட்டுதல்தான். சூழ்நிலையைப் பார்த்துக் குறைக்கலாம் என்று 2018இல் எல்ஜி எலக்ட்ரானிக்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. “20 சதவீதம் கட்டு” என்று காரணம் சொல்லாமல் ஒரே வரியில் வரும் உத்தரவுகள் உயர் நீதிமன்றத்தில் அடிபடுவது இதனால்தான்.

ஜிஎஸ்டியில் முதல் மேல்முறையீட்டுக்குத் தகராறான வரியில் 10 சதவீதம் போதும். மீதி வசூல் தானாக நிற்கும். யாரிடமும் கெஞ்ச வேண்டாம். ஆனால் அந்த 10 சதவீதம் சட்டத்திலேயே இருப்பதால், கையில் பணமில்லை என்றாலும் நீதிமன்றம் லேசில் தளர்த்தாது.

வாதாட விஷயம் இருந்தால் எனக்கு முதலில் சொன்ன வருமான வரி முறையே தேவலை.