கெட்டரா, அப்பாலியனா?

எஸ்சிபி அறக்கட்டளை என்பது, இயல்புக்கு மாறானவற்றைப் பிடித்து அடைத்துவைக்கும் ஒரு கற்பனை அமைப்பைப் பற்றிப் பலர் சேர்ந்து எழுதும் கூட்டுப் புனைவு. அதில் அவற்றுக்குத் தரப்படும் கெட்டர், அப்பாலியன் ஆகிய இரு வகைகளையும் 'மிகக் கொடியது' என்ற ஒரே பொருளில் பலர் எடுத்துக்கொள்கின்றனர். அவை குறிப்பதோ கொடுமையை அன்று, அடைத்துவைப்பதிலுள்ள சிரமத்தையே. கெட்டர் வகைக்குப் பெயர்பெற்றது 682ஆம் எண்ணுள்ள ஊர்வன. 5 மீட்டர் நீள அகல உயரமுள்ள எஃகு அறையில் ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் அமிழ்த்தி வைத்தும் அது தப்பிக்கிறது, ஆனால் மீண்டும் பிடிபடுகிறது.

அப்பாலியனில் பிடிக்கும் பேச்சுக்கே இடமில்லை. சங்கிலிகளால் பிணைக்கப்பட்ட ஒரு பேருருவைப் பற்றிய 2317ஆம் கோப்பில் இந்த வேறுபாடு பளிச்செனத் தெரியும்: கீழ்நிலை ஊழியரிடம் கெட்டர் என்றும், விரிவான சடங்கொன்று அவ்வுருவைக் கட்டுக்குள் வைத்திருக்கிறது என்றும் சொல்லும் அதே ஆவணம், உச்ச அனுமதி பெற்றவரிடம் மட்டும், ஏழு சங்கிலிகளில் ஆறு அறுந்துவிட்டன என்றும் சடங்கு வெறும் கண்துடைப்பு என்றும் ஒப்புக்கொண்டு, வகையை அப்பாலியன் என மாற்றிவிடுகிறது. யதார்த்தத்தையே குலைத்துப்போடும் 3999உம் இவ்வகையைச் சேர்ந்ததே.

புதிதாக எழுதுவோருக்குக் கெட்டரே ஏற்றது (அப்பாலியனை மிரட்டல் முத்திரையாக ஒட்டுவது எப்போதோ சலித்துவிட்டது). அறக்கட்டளை கைவிரித்த பின்னும் சொல்வதற்குக் கதை மிச்சமிருந்தால் மட்டும் மற்றதைத் தொடலாம்.