டிவியை வச்சே டிவியை வெளுத்த மூணு வீடியோ

எழுபதுகள்ல அமெரிக்கால பண்ண வீடியோ ஆர்ட் (வீடியோவையே ஓவியம், சிற்பம் மாதிரி கலையா பண்றது) மூணு சேர்த்துப் பாத்தேன், மூணுமே டிவியும் விளம்பரமும் நம்மள என்ன பண்ணுதுங்கறதைப் பத்தினது. பாக்க ரொம்ப மொக்கையா இருக்கற முதல் வீடியோதான் எனக்கு நல்லா ஏறுச்சு.

சிற்பி ரிச்சர்ட் செர்ராவும் கார்லோட்டா ஃபே ஸ்கூல்மனும் 1973ல பண்ண 'டெலிவிஷன் டெலிவர்ஸ் பீப்பிள்'. நீலத் திரைல மஞ்ச எழுத்து கீழருந்து மேல ஓடிட்டே இருக்கும், பின்னாடி லிஃப்ட்ல போடுவாங்களே அந்த மாதிரி வழவழன்னு ஒரு மியூசிக், அவ்ளோதான், ஒரு மூஞ்சி கூட கிடையாது. எழுத்து என்ன சொல்லுதுன்னா டிவி விக்கற சரக்கே நீதான்டா, உன்னைப் புடிச்சு விளம்பரக்காரன்கிட்ட ஒப்படைக்கறதுதான் அவங்க பொழப்புன்னு. இவ்ளோ காட்டமா திட்டிட்டிருக்கும்போதே அந்த மியூசிக் நம்மள தாலாட்டுது பாருங்க, ரெண்டு வரி படிச்சதும் கண்ணு சொக்குது, அப்பதான் உறைக்குது இவங்க சொல்ற விஷயமே இப்ப நமக்கு நடந்துட்டிருக்குன்னு. ஏழு நிமிஷம் கூட இல்ல.

அடுத்தது டாரா பிர்ன்பாம் 1978-79ல பண்ண வொண்டர் வுமன் வீடியோ. அந்தப் பேர்ல டிவில வந்த சூப்பர் ஹீரோயின் சீரியல் காட்சியையே வெட்டி ஒட்டினது. சூப்பர் ஹீரோயினா மாறறதுக்காக நடிகை லிண்டா கார்ட்டர் சுத்துவாங்க, டமார்னு வெளிச்சம், மறுபடி சுத்துவாங்க, மறுபடி டமார், ஒரு கட்டத்துல சூப்பர் பவர்லாம் மறந்துபோய் ஏதோ சாவி குடுத்த பொம்மையைப் பாக்கற மாதிரி ஆயிடுது. எடிட்டிங் இன்னைக்கும் ஷார்ப். கடைசில பாட்டு வரிகளை எழுத்தா ஓடவிடற பகுதி மட்டும் இழுவை.

மூணாவது ஆன்ட் ஃபார்ம்ங்கற கலைஞர் குழுவோட 'மீடியா பர்ன்'. 1975 ஜூலை 4, சான் ஃபிரான்சிஸ்கோவை ஒட்டி இருக்கற கவ் பேலஸ் அரங்க வளாகத்துல, எரியற டிவி பெட்டிங்களை அடுக்கி வச்சு அதுக்குள்ள ஒரு கேடிலாக் காரை விட்டாங்க. ஓட்டறவங்களுக்கு வெளிய எதுவும் தெரியாது, கேமரா காட்டறதை உள்ள மானிட்டர்ல பாத்துதான் ஓட்டணும், செம ஐடியா. செய்தி சேனல்காரங்க அதைப் பத்தி ஒளிபரப்பினதையும் வீடியோவுக்குள்ளயே கோத்துட்டாங்க, அந்த நக்கல் பிடிச்சது. ஆனா மோதற ஷாட்டு அவ்ளோ கெத்தா இருக்கா, திட்ட வந்தது மறந்துபோய் திரும்பத் திரும்ப அதையே ஓட்டிப் பாக்கத் தோணுது, டிவிக்கு இதைவிட நல்ல தீனி எது?

பாக்கறதுன்னா மீடியா பர்ன்ல ஆரம்பிச்சு செர்ராவுல முடிங்க. ஹெட்ஃபோன் கண்டிப்பா போடுங்க, ஸ்பீடு மட்டும் ஏத்திடாதீங்க, அந்த மந்தமான மியூசிக் போச்சுன்னா மிச்சம் வெறும் நோட்டீஸுதான்.