40 லட்சம் வீட்டுக் கடன்: 11 வருடம் 10 மாதம் கட்டி முடித்த அனுபவம்

பெங்களூரு ராமமூர்த்தி நகரில் இரண்டு படுக்கையறை ஃப்ளாட். 2013 ஆகஸ்டில் வாங்கினோம். கடன் 40 லட்சம், காலம் 20 வருடம், மாறும் வட்டி 10.25 சதவீதம், மாதத் தவணை 39,266 ரூபாய். 2025 ஜூனில் கடைசித் தொகையைக் கட்டிக் கணக்கை முடித்தேன்.

கடன் வாங்கிய முதல் மாதத்தில் எழுதப்படும் அனுபவங்கள் நிறையக் கிடைக்கின்றன. வட்டி குறைவு, வீட்டுக்கே வந்து கையெழுத்து வாங்கினார்கள், பத்து நாளில் செக் வந்துவிட்டது என்று. அப்போது நான் எழுதியிருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன். கடனின் உண்மையான விலை அந்த மாதத்தில் கண்ணுக்குத் தெரியாது. எனக்குத் தெரிய மூன்று வருடம் ஆனது.

2016 ஆகஸ்டில் வேறு ஒரு வேலைக்காகக் கடன் ஸ்டேட்மென்ட் எடுத்தேன். அதுவரை 36 தவணை, ஒன்று கூடத் தவறாமல், 14 லட்சத்து 13 ஆயிரம் ரூபாய் கட்டியிருந்தேன். பாக்கி என்று 37 லட்சத்து 86 ஆயிரம் போட்டிருந்தது. ஏதோ பணம் வரவு வைக்கப்படவில்லை என்றே நினைத்தேன். மறுநாள் அரைநாள் லீவு போட்டுவிட்டு அந்த நிதி நிறுவனத்தின் கிளைக்குப் போனேன். அங்கிருந்த பெண் பொறுமையாக அட்டவணையைத் திருப்பிக் காட்டினார். கணக்கு சரிதான். 14 லட்சத்தில் அசலுக்குப் போனது 2 லட்சத்து 14 ஆயிரம் மட்டும்.

அன்று இரவு நானும் மனைவியும் பையனின் கணக்கு நோட்டில் உட்கார்ந்து போட்டுப் பார்த்தோம். 40 லட்சத்துக்கு 10.25 சதவீதம் என்றால் முதல் மாத வட்டி 34,167 ரூபாய். நாம் கட்டும் 39,266-இல் அது போக மிச்சம் 5,099. அவ்வளவுதான் அசலில் கழிகிறது. அடுத்த மாதம் வட்டி ஒரு நாற்பது ரூபாய் குறையும், அசலுக்கு நாற்பது ரூபாய் கூடப் போகும். இப்படி நகர்ந்து நகர்ந்து, ஒரு தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 160-ஆவது மாதத்தில், அதாவது 14-ஆவது வருடத்தில். பாதிக் கடன், 20 லட்சம், அடைபடுவது 173-ஆவது மாதத்தில். 20 வருடமும் அப்படியே கட்டினால் மொத்தம் 94 லட்சத்து 24 ஆயிரம். வட்டி மட்டும் 54 லட்சத்துக்கு மேல்.

இதில் யாரும் ஏமாற்றவில்லை. 240 வரி கொண்ட அட்டவணை ஒப்பந்தத்தோடு இணைத்துக் கொடுத்திருந்தார்கள். ஆனால் கடன் வாங்கும்போது நம்மிடம் எல்லோரும் கேட்கும் கேள்வி, நாமும் நம்மிடம் கேட்டுக்கொள்ளும் கேள்வி, "மாதம் எவ்வளவு கட்ட முடியும்?" என்பது ஒன்றுதான். எத்தனை மாதம் என்று யாரும் அழுத்திக் கேட்பதில்லை.

எனக்கு வருத்தம் தந்தது இன்னொன்று. 2015 ஜனவரி தொடங்கி 2016 ஏப்ரலுக்குள் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை, அதாவது வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கும் வட்டியை, 8 சதவீதத்திலிருந்து 6.5-க்குக் குறைத்திருந்தது. என் வட்டி 10.25-லேயே நின்றது. மாறும் வட்டி என்றால் தானாக இறங்கும் என்று நம்பியிருந்தேன். அதே நிறுவனம் புதிதாக வருபவர்களுக்கு என்னைவிடக் குறைந்த வட்டியில் கடன் கொடுத்துக்கொண்டிருந்தது. கேட்டதற்கு, "மாற்றுக் கட்டணம் கட்டி எழுதிக் கொடுத்தால் குறைக்கிறோம் சார்" என்றார்கள். நான் கேட்காமல் இருந்திருந்தால் யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். பழைய வாடிக்கையாளர் என்பதற்கு அங்கே ஒரு மதிப்பும் இல்லை என்பது மனதை உறுத்தியது. அல்சூரில் இருக்கும் என் மாமா, தன் காலத்தில் இரண்டு கடன் பார்த்தவர், "வேற பேங்குக்கு மாத்திடுப்பா, தயங்காதே" என்றார்.

2017 பிப்ரவரியில் 8.65 சதவீதத்துக்கு ஒரு வங்கிக்குக் கடனை மாற்றினேன். மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே முடிப்பதற்கு அபராதம் வசூலிக்கக் கூடாது என்ற விதி அப்போதே இருந்தது. அதனால் பழைய இடத்தில் அந்தச் செலவு இல்லை. புதிய இடத்தில் பரிசீலனைக் கட்டணம், வக்கீல் கருத்து, அடமானப் பதிவு எல்லாம் சேர்ந்து 35 ஆயிரம் ஆனது.

நான் அதிகம் விளக்க விரும்பும் இடம் இதுதான், ஏனென்றால் என்னோடு கடன் மாற்றிய இரண்டு நண்பர்கள் இங்கேதான் பணத்தை இழந்தார்கள். மாற்றும்போது பாக்கி 37 லட்சத்து 44 ஆயிரம். வங்கி அதிகாரி மறுபடி 20 வருடத்துக்குப் போட்டு, "தவணை 32,845 ஆகிவிடும், மாதம் ஆறாயிரத்துக்கு மேல் மிச்சம்" என்று காட்டினார். பார்க்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் மூன்றரை வருடம் கட்டிய பிறகு மறுபடி 240 மாதம். 32,845-ஐ 240 மாதம் கட்டினால் 78 லட்சத்து 83 ஆயிரம். நான் பழைய 39,266-ஐயே கட்டுகிறேன் என்றேன். அப்படிக் கட்டினால் 162 மாதத்தில் முடியும், மொத்தம் 63 லட்சத்து 53 ஆயிரம். அதே வங்கி, அதே வட்டி, அதே கடன். வித்தியாசம் 15 லட்சம். அதிகாரி இரண்டு முறை "நிச்சயமாகவா சார்?" என்று கேட்டார். நிச்சயமாகத்தான் என்றேன்.

அப்புறம் ஒவ்வொரு ஏப்ரலிலும் போனஸ் வந்ததும் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்ட ஆரம்பித்தோம். 2017 முதல் 2024 வரை ஏழு முறை. 2020-இல் மட்டும் கட்டவில்லை. வேலை என்ன ஆகும் என்று தெரியாத நேரம், கையில் பணம் இருக்கட்டும் என்று விட்டேன். அந்த வருடம் மார்ச் முதல் ஆகஸ்ட் வரை தவணையைத் தள்ளிப்போடும் சலுகை இருந்தது. சம்பளம் வந்துகொண்டிருந்ததால் அதை நாங்கள் எடுத்துக்கொள்ளவில்லை. தள்ளிப்போட்ட மாதங்களுக்கும் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது என்பதைப் பலர் பிறகுதான் கவனித்தார்கள்.

கூடுதலாகக் கட்டும் பணத்தின் பலன் எப்போது கட்டுகிறோம் என்பதைப் பொறுத்தது. என் முதல் கடனையே எடுத்துக்கொள்ளுங்கள். முதல் மாதமே ஒரு லட்சம் கூடக் கட்டியிருந்தால் கடைசியில் 18 தவணை குறைந்திருக்கும், ஏறக்குறைய 7 லட்சம். அதே ஒரு லட்சத்தை 14 வருடம் கழித்துக் கட்டினால் நாலரை தவணைதான் குறையும். ஆனால் முதல் வருடத்தில் யாரிடம் பணம் இருக்கிறது? பதிவுச் செலவு, மர வேலை, காத்தா (மாநகராட்சிச் சொத்துப் பதிவேடு) மாற்றம், பள்ளிக் கட்டணம் என்று எங்கள் கை அப்போது காலி. இப்போது கடன் வாங்கும் பிள்ளைகளிடம் நான் சொல்வது, உள் அலங்காரத்தை இரண்டு வருடம் தள்ளிப்போடுங்கள் என்பதுதான். ஆறு மாதத் தவணைக்கான பணத்தை மட்டும் டெபாசிட்டில் வைத்துவிட்டு மீதியைக் கடனில் போடுங்கள். கட்டும்போது தவணைத் தொகையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் கொடுத்துவிடுவது முக்கியம். ஒரு வருடம் நான் எழுதிக் கொடுக்க மறந்தேன். தவணையைக் குறைத்துவிட்டார்கள். திருத்த இரண்டு மாதம் அலைந்தேன்.

முதல் கடனில் காப்பீடு என்று 1 லட்சத்து 10 ஆயிரம் ஒரே பிரீமியமாகக் கடனோடு சேர்த்திருந்தார்கள். குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும்தான், அதில் மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அதுவும் 10.25 சதவீத வட்டியில் 20 வருடம் ஓடினால் இரண்டரை லட்சத்துக்கு மேல் போகிறது. தனியாக டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீடு) எடுத்து வருடா வருடம் கட்டுவது மேல்.

வரிச் சலுகை போய்விடும், கடனைச் சீக்கிரம் முடிக்காதே என்று அலுவலகத்தில் அடிக்கடி சொல்வார்கள். முதல் வருடம் நான் கட்டிய வட்டி 4 லட்சத்தைத் தாண்டியது. சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக்குப் பிரிவு 24-இன் கீழ் கழித்துக்கொள்ள முடிந்தது அப்போது ஒன்றரை லட்சம், அடுத்த நிதியாண்டிலிருந்து 2 லட்சம். 30 சதவீத வரம்பில் இருந்தாலும் 2 லட்சத்துக்குத் திரும்பி வருவது 60 ஆயிரத்துச் சொச்சம். புதிய வரி முறைக்கு மாறினால் அதுவும் இல்லை. 60 ஆயிரத்துக்காக 4 லட்சம் கட்டுவதை லாபம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

என் தங்கை வீட்டுக்காரர் கே.ஆர்.புரத்தில் 2021 ஜனவரியில் வாங்கினார். அவருக்கும் 40 லட்சம், 20 வருடம்தான், ஆனால் வட்டி 6.9, தவணை 30,772. எனக்கே பொறாமையாக இருந்த வட்டி. 2023 உகாதிக்கு அவர்கள் வீட்டுக்குச் சாப்பிடப் போனபோது, "மச்சான், ரெப்போ இவ்வளவு ஏறியும் என் இ.எம்.ஐ. ஒரு ரூபாய் கூடல" என்று சந்தோஷமாகச் சொன்னார். எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை. 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4-லிருந்து 6.5-க்கு ஏறியிருந்தது. "மாப்ள, ஸ்டேட்மென்ட்டைத் திறங்க" என்றேன். வட்டி 9.4, பாக்கி 38 லட்சத்து 30 ஆயிரம். அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டியே 30 ஆயிரம். தவணையில் அசலுக்குப் போனது 770 ரூபாய். அந்த வேகத்தில் கடன் அடைய 39 வருடம் ஆகும். வங்கியிலிருந்து வந்த எஸ்.எம்.எஸ்.ஸில் வட்டி மாறியிருக்கிறது, தவணைத் தொகையில் மாற்றமில்லை என்ற ஒரே வரிதான் இருந்தது.

அவர் அடுத்த வாரமே தவணையை 37 ஆயிரமாக உயர்த்தச் சொல்லி எழுதிக் கொடுத்தார். மீதமிருந்த 214 மாதத்துக்குள் முடிக்க அவ்வளவு தேவைப்பட்டது. குடும்பச் செலவில் ஆறாயிரம் குறைப்பது அவர்களுக்கு எளிதாக இல்லை. தங்கை மாலையில் டியூஷன் எடுக்க ஆரம்பித்தது அப்போதுதான். அந்த ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் சேர்த்தா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும் என்று உத்தரவு போட்டது. தவணை அந்த மாத வட்டிக்குக் கூடப் போதாத நிலை வரக்கூடாது என்றும் சொன்னது. தவணைத் தொகை எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்ற விவரத்தைக் காலாண்டுக்கு ஒரு முறை தர வேண்டும் என்பதும் அதில் உண்டு. நல்ல உத்தரவு. எனக்கு 2013-இல் அப்படி ஒரு காகிதம் மூன்று மாதத்துக்கு ஒரு முறை வந்திருந்தால் நான் மூன்று வருடம் தூங்கியிருக்க மாட்டேன்.

2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி விகிதத்தோடு இணைந்தவை, மூன்று மாதத்துக்குள் ஒரு முறையாவது மாற வேண்டும். நானும் 2020-இல் அதற்கு மாறிக்கொண்டேன். அதனால் இறங்கும்போது சீக்கிரம் இறங்கியது, ஏறும்போதும் சீக்கிரம் ஏறியது. புதிதாகக் கடன் வாங்குபவர்கள் மொத்த வட்டியை மட்டும் பார்க்காமல் ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் எவ்வளவு என்று கேளுங்கள். ரெப்போ யாருக்கும் ஒன்றுதான். அந்தக் கூடுதல்தான் உங்களோடு கடைசி வரை வரும்.

2025 ஜூனில் பாக்கி 7 லட்சத்து 90 ஆயிரம் இருந்தது. ஒரு டெபாசிட் முதிர்ந்தது, அதை அப்படியே கட்டினோம். எல்லாம் கூட்டிப் பார்த்தால் நான் கட்டியது சுமார் 70 லட்சம். வட்டி 30 லட்சம். முதல் நாள் அட்டவணைப்படி போயிருந்தால் இன்னொரு 24 லட்சம் போயிருக்கும், 2033 வரை கட்டிக்கொண்டிருப்பேன்.

முடித்த பிறகும் வேலை இருக்கிறது. கடன் முடிந்த 30 நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், வங்கி தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும் என்பது 2023 டிசம்பரிலிருந்து விதி. எனக்கு 22-ஆவது நாளில் கிடைத்தது. கொடுக்கும்போது பட்டியலை வைத்து ஒவ்வொரு தாளாக எண்ணி வாங்கினேன். பிறகு பானஸ்வாடி துணைப் பதிவாளர் அலுவலகத்தில் அடமான விடுவிப்பைப் பதிவு செய்து, கர்நாடகப் பதிவுத் துறையின் காவேரி இணையதளத்தில் வில்லங்கச் சான்றிதழ் எடுத்துப் பார்த்தோம். கடன் முடிந்துவிட்டது என்ற கடிதம் கையில் இருந்தாலும், அந்தப் பதிவு நடக்காதவரை வில்லங்கத்தில் வங்கியின் பெயர் நின்றுகொண்டே இருக்கும். பலர் இதை விட்டுவிட்டு, வீட்டை விற்கப் போகும்போது தவிக்கிறார்கள். நம் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையில் கணக்கு மூடப்பட்டதாக வந்திருக்கிறதா என்றும் பார்த்துக்கொண்டேன்.

அதே ஜூனில் ரெப்போ 5.5-க்கு இறங்கியது. தங்கை வீட்டுக்காரருக்கு வட்டி குறைந்திருக்கிறது, தவணையைக் குறைக்கட்டுமா என்று வங்கியிலிருந்து கேட்டிருக்கிறார்கள். எனக்கு போன் செய்தார். நான் பதில் சொல்வதற்குள் பின்னாலிருந்து தங்கையின் குரல் கேட்டது: "37 ஆயிரமே இருக்கட்டும்னு சொல்லுங்க."