கொரோனா காலத்துக் காய்ச்சல்: அட்டைச் சோதனையா, கண்ணாடித் தகடா?

2020 மார்ச்சில் பர்மாவில் கொரோனா தலைகாட்டியதும், காய்ச்சல் என்றாலே எல்லோருக்கும் அந்த ஒரு பயம்தான். ஆனால் மோல்மேன், தட்டோன் பக்கம் ரப்பர் தோட்டத்துக்கும் காட்டோரத்துக்கும் வேலைக்குப் போய்வரும் நம் ஆட்களுக்குக் காய்ச்சலும் நடுக்கமும் உடம்புவலியும் வந்தால் அது மலேரியாவாகவும் இருக்கலாம். ஒரே ஆளுக்கு இரண்டும் சேர்ந்தும் வரலாம். கொரோனா உறுதியானாலும் மலேரியா சோதனையை விடக் கூடாது.

சரி, எந்தச் சோதனை? விரல் நுனியில் குத்தி ஒரு சொட்டு ரத்தத்தை மலேரியா விரைவுச் சோதனை அட்டையில் விட்டால், மலேரியா உண்டா இல்லையா என்று 15 முதல் 20 நிமிடத்தில் கோடு காட்டிவிடும். மின்சாரம் வேண்டாம். பயிற்சி பெற்ற கிராமத் தன்னார்வலரே முகக்கவசம், கையுறையோடு வீட்டு வாசலில் செய்துவிடலாம். ஊரடங்கு நாட்களில் நோயாளியை வண்டி ஏற்றி அலைக்கழிக்காமல் இருந்ததே பெரிய விஷயம்.

கண்ணாடித் தகட்டில் ரத்தம் தடவிச் சாயமிட்டு நுண்ணோக்கியில் பார்ப்பதற்கு ஆய்வகமும் பழகிய கண்ணும் வேண்டும். ஆனால் கிருமி எவ்வளவு என்று எண்ணிச் சொல்ல அதனால்தான் முடியும். மருந்து முடித்தபின் திரும்பவும் காய்ச்சல் வந்தால் அட்டையை மட்டும் நம்ப முடியாது. பால்சிபாரம் என்ற மலேரியாக் கிருமி செத்த பிறகும் அதன் புரதம் சில வாரம் ரத்தத்தில் தங்குவதால் கோடு விழலாம். அதனால் முதலில் அட்டை; நோய் திரும்பினால் தகடு. அட்டையில் ஒன்றும் இல்லை என்று வந்தும் காய்ச்சல் விடவில்லையா, மறுபடி சோதிக்க வேண்டும்.

சோதனையே இல்லாமல் கடையில் மாத்திரை வாங்கி விழுங்குவதை மட்டும் நான் ஒப்பவே மாட்டேன். பால்சிபாரத்துக்கு ஆர்ட்டிமீத்தர்-லூமிஃபான்ட்ரின், 3 நாளில் 6 வேளை, கொழுப்புள்ள சாப்பாட்டோடு. வைவாக்ஸ் என்ற இன்னொரு மலேரியாக் கிருமிக்குக் குளோரோகுயின் 3 நாள். அப்புறம் ஈரலில் பதுங்கியிருப்பதை ஒழிக்கப் பிரைமாகுயின், வழக்கமாக 14 நாள். ரத்தச் சிவப்பணுக்களைக் காக்கும் ஜி6பிடி என்ற நொதி குறைவாக உள்ளவருக்குப் பிரைமாகுயின் சிவப்பணுக்களை உடைத்துவிடும். இதையெல்லாம் ஊகத்தில் எப்படித் தீர்மானிப்பது? கொரோனாவுக்கென்று பலர் தேடிய ஹைட்ராக்சிகுளோரோகுயின் என்ற மலேரியா மருந்தும், மருத்துவமனை நோயாளிகளுக்குப் பலன் தரவில்லை என்று 2020 ஜூனிலேயே பிரிட்டனின் ரெகவரி ஆய்வு சொல்லிவிட்டது.

மூச்சுத்திணறல், வலிப்பு, நினைவு தடுமாறுதல், கறுத்த சிறுநீர், இதில் ஒன்று தெரிந்தாலும் உடனே மருத்துவமனை. கடுமையான மலேரியாவுக்கு ஆர்ட்டிசுனேட் ஊசி வேண்டும். அதை வீட்டு மாத்திரையால் ஈடுகட்ட முடியாது.