வட்டி கோர்ட்டில் நிற்குமா? ஓசூர்ப் பட்டறைக்கு இரண்டு வழிகள்

ஓசூர் மூக்கண்டப்பள்ளியில் லேத் பட்டறை வைத்திருப்பவருக்கு ஒரு பெரிய கம்பெனி 10 லட்சம் பாக்கி என்று வைத்துக்கொள்வோம். பில்லும் டெலிவரி சலானும் கையில் இருந்தால் அசலில் பெரிய சண்டை வராது. இழுபறி எல்லாம் வட்டியில்தான். வழி இரண்டு: 1996 சட்டப்படி வழக்கமான ஆர்பிட்ரேஷன் (கோர்ட்டுக்கு வெளியே நடுவர் விசாரித்துத் தீர்ப்புச் சொல்வது), அல்லது 2006 குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டப்படி பெசிலிடேஷன் கவுன்சில் (இந்தப் பாக்கித் தகராறுகளுக்காக மாநில அரசு அமைக்கும் குழு). கிடைக்கிற வட்டி கோர்ட்டில் எவ்வளவு தூரம் தாங்கும் என்று பார்த்துத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும்.

முதலில் பர்ச்சேஸ் ஆர்டரைத் திருப்பிப் பின்பக்கம் படியுங்கள். பொடி எழுத்தில் நிபந்தனைகளுக்கு நடுவே ஒரு வரி ஒளிந்திருக்கலாம்: தாமதமான தொகைக்கு வட்டி கோர முடியாது. வழக்கமான ஆர்பிட்ரேஷனில் இந்த ஒரு வரி போதும், ஆளைச் சாய்த்துவிடும். நடுவர் தீர்ப்புத் தேதி வரைக்குமான வட்டியைத் தரும் 1996 சட்டத்தின் 31(7)(அ) பிரிவே, தரப்பினர் வேறு விதமாக ஒப்புக்கொள்ளாதபோது மட்டும்தான் பொருந்தும். நடுவர் மனமிரங்கி வட்டி போட்டாலும் கோர்ட் அதை எடுத்துவிடும். ஒரு பொதுத்துறை நிறுவனத்தின் ஒப்பந்த வழக்கில் 2021-ல் உச்ச நீதிமன்றம் சொன்னதும் இதுதான்.

கவுன்சிலில் அந்த வரி செல்லாது. ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் சரி, ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு, மாதாமாதம் வட்டிக்கு வட்டி என்கிறது 16-ஆம் பிரிவு. 2025 ஜூனில் வங்கி விகிதம் 5.75 சதவீதம், மூன்று மடங்கு 17.25. இதையே வைத்துக் கணக்குப் போட்டால் 10 லட்சத்துக்கு மூன்று வருட வட்டி சுமார் 6.7 லட்சம். நடுவர் 12 சதவீதம் தனி வட்டி கொடுத்தால் 3.6 லட்சம்தான்.

அப்புறம், கோர்ட் கை வைக்கும் விஷயம். நடுவர் தன் விருப்பப்படி போட்ட விகிதம்தான் எளிதில் அடிபடும். கர்நாடக நீர்ப்பாசன ஒப்பந்த வழக்கு ஒன்றில் 18 சதவீதத்தை உச்ச நீதிமன்றம் 2007-ல் 9 ஆக்கியது. நெடுஞ்சாலைக்கு நிலம் இழந்தவர்கள் தொடர்பாகத் தமிழ்நாட்டிலிருந்து போன ஹக்கீம் வழக்கிலோ, நடுவர் தீர்ப்பை எதிர்த்துப் போக வழி தரும் 1996 சட்டத்தின் 34-ஆம் பிரிவில், அந்தத் தீர்ப்பைக் கோர்ட் ரத்து செய்யலாம், திருத்த முடியாது என்றது (2021). 2025 ஏப்ரல் 30-ல் காயத்ரி பாலசாமி வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு 4:1 என்ற பெரும்பான்மையில் கதவைக் கொஞ்சம் திறந்துவிட்டது: தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியைத் தக்க காரணம் இருந்தால் கூட்டலாம், குறைக்கலாம். வழக்கு நடந்த காலத்து வட்டியில் தவறு என்றால் ரத்து, அல்லது நடுவரிடமே திருப்பி அனுப்புவது. என்னைக் கேட்டால், காரணம் எழுதாத 18 சதவீதத்தைவிடக் காரணம் எழுதிய 12 மேல்.

ஒப்பந்தத்திலேயே விகிதம் இருந்தால் கதை வேறு. சென்னையிலிருந்து போன ஒரு கடன் வழக்கில் ஒப்பந்தப்படியான 24 சதவீதத்தை 2025 நவம்பரில் உச்ச நீதிமன்றம் கலைக்கவில்லை. உங்கள் பர்ச்சேஸ் ஆர்டரில் அப்படி ஒரு விகிதம் உங்களுக்குச் சாதகமாக இருந்தால் வழக்கமான ஆர்பிட்ரேஷனுக்கே தாராளமாகப் போகலாம். பெரிய கம்பெனி அப்படி எழுதித் தருமா என்று கேட்காதீர்கள்.

கவுன்சிலின் உண்மையான பலம் 19-ஆம் பிரிவு. தீர்ப்பை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போகும் கம்பெனி, தொகையில் 75 சதவீதத்தை முதலில் கட்ட வேண்டும். சும்மா இழுத்தடிக்க அப்பீல் போகிறவருக்கு அங்கேயே கை நடுங்கும். வழக்கமான ஆர்பிட்ரேஷனில் தடை உத்தரவுக்கு எவ்வளவு கட்டச் சொல்வது என்பது கோர்ட்டின் விருப்பம்.

கவுன்சிலிலும் ஓட்டை உண்டு. குறு, சிறு நிறுவனமாக இருக்க வேண்டும்; நடுத்தர நிறுவனத்துக்கு இந்த வட்டி கிடையாது. ஆர்டர் வாங்கிய பிறகு உத்யம் (தொழில் நிறுவனங்களுக்கான அரசுப் பதிவு) பதிவு செய்தவருக்கு எதிராகக் கம்பெனி வக்கீல் முதல் வாதமே அதைத்தான் வைப்பார். 90 நாளில் முடிக்கச் சொல்கிறது சட்டம்; அதை நம்பிக் கைமாற்று வாங்க வேண்டாம்.

எந்த வழியில் போனாலும் தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியை மனுவில் தனியாகக் கேளுங்கள். வழக்கமான ஆர்பிட்ரேஷனில் ஒப்பந்தத்தால் அதைத் தடுக்க முடியாது. நடுவர் அதைப் பற்றி ஒன்றும் சொல்லாமல் விட்டால் சட்டமே நடப்பு வட்டி விகிதத்துக்கு மேல் 2 சதவீதம் தருகிறது. 2015 அக்டோபர் திருத்தத்துக்கு முன்பு அது 18 சதவீதமாக இருந்தது.