ஜிஎச், ஐஜிஎஃப்-1, குளுக்கோஸ் டெஸ்ட்: எந்த ரிப்போர்ட்டை நம்புவது?

அம்மாவின் மோதிரத்தை வெட்டித்தான் எடுத்தார்கள். சோப்பு, எண்ணெய், நூல் சுற்றி இழுப்பது எல்லாம் செய்து பார்த்தாயிற்று, விரல் மூட்டைத் தாண்டி வரவே இல்லை. அதற்கு முந்தைய வருஷமே செருப்பு ஒரு சைஸ் கூடியிருந்தது. "வயசானா பாதம் பரந்துதான் போகும்" என்று அவரே சொல்லிக்கொண்டார், நாங்களும் தலையாட்டினோம். குறட்டை கூடியது, வியர்வை கூடியது, சர்க்கரை எட்டிப் பார்த்தது. தினமும் பார்க்கிற முகம் என்பதால் தாடையும் மூக்கும் மாறியது எங்கள் யார் கண்ணிலும் படவில்லை. பத்து வருஷத்துக்கு முந்தைய போட்டோ ஒன்று கையில் கிடைத்த அன்றைக்குத்தான் வயிற்றைப் பிசைந்தது.

முதலில் பார்த்த டாக்டர் குரோத் ஹார்மோன் (ஜிஎச்) ஒரு தடவை பார்க்கச் சொன்னார். ரிப்போர்ட்டில் 3.1 என்று வந்தது, பக்கத்திலேயே '10 வரை நார்மல்' என்று அச்சிட்டிருந்தது. நிம்மதியாக வீட்டுக்கு வந்துவிட்டோம். அந்த நிம்மதியிலேயே இரண்டு வருஷம் போனது. அப்புறம் வேறொரு டாக்டர் ஐஜிஎஃப்-1 எழுதினார், 540 வந்தது. அம்மாவின் வயதுக்கு மேல் எல்லையே 220தான்.

அம்மாவுக்கு இருந்தது அக்ரோமெகாலி, மூளைக்கு அடியில் வரும் ஒரு கட்டி குரோத் ஹார்மோனை அளவுக்கு மீறிச் சுரக்கும் நோய். அந்தச் சந்தேகத்தில் இருக்கும் யாரும் எங்களைப் போல இரண்டு வருஷத்தை இழக்கக் கூடாது என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன். இந்த நோய்க்கு ரத்தத்தில் பார்க்க மூன்று வழிகள் இருக்கின்றன: குரோத் ஹார்மோனை நேராக ஒரு தடவை அளப்பது, ஐஜிஎஃப்-1 என்கிற வளர்ச்சிக் காரணியை அளப்பது, குளுக்கோஸ் குடிக்க வைத்து குரோத் ஹார்மோன் அடங்குகிறதா என்று பார்ப்பது. மூன்றும் ஒரே நோயைத்தான் தேடுகின்றன, ஆனால் மூன்றும் சொல்லும் சேதி ஒன்றல்ல.

முதலில் நேரடி குரோத் ஹார்மோன். கேட்டால் இதுதான் நியாயமாகத் தோன்றும், கட்டி சுரப்பது அந்த ஹார்மோனைத்தானே, அதையே அளந்துவிட்டால் போச்சு. சிக்கல் என்னவென்றால், மூளைக்கு அடியில் பட்டாணி அளவில் இருக்கும் பிட்யூட்டரி சுரப்பி இதைச் சீராக விடுவதில்லை, விட்டுவிட்டுப் பீய்ச்சுகிறது. ஆழ்ந்த தூக்கத்தில் பெரிய அளவில் வரும், ஓடினால் வரும், பட்டினி கிடந்தால் வரும், பதற்றத்தில் வரும். வந்தது ரத்தத்தில் தங்கவும் தங்காது, 20 நிமிஷத்துக்குள் பாதி போய்விடும். நோயே இல்லாத ஒருவருக்கு ஊசி குத்துகிற நேரம் ஒரு பீய்ச்சலோடு ஒத்துப்போனால் எண் எகிறும், அரை மணி கழித்து எடுத்திருந்தால் கிட்டத்தட்ட பூஜ்யமாக இருந்திருக்கும்.

நான் இதைப் புரிந்துகொண்டது மழையையும் கிணற்றையும் வைத்துத்தான். குரோத் ஹார்மோன் மழை. ஜன்னலை ஒரு நொடி திறந்து பார்த்துவிட்டு இந்த மாதம் நல்ல மழையா என்று சொல்ல முடியாது. ஐஜிஎஃப்-1 கிணற்று நீர்மட்டம், பெய்ததெல்லாம் ஊறி அங்கே வந்து நிற்கும். அக்ரோமெகாலியில் பெருமழைதான் பெய்ய வேண்டும் என்றில்லை, தூறல் நிற்பதே இல்லை என்பதுதான் அங்கே விஷயம். அம்மாவின் 3.1 அப்படி ஒரு தூறல். '10 வரை நார்மல்' என்ற வரி அந்தத் தூறலை மறைத்துவிட்டது. ஒரே ஒரு குரோத் ஹார்மோன் அளவை வைத்து இந்த நோய் உண்டு என்றோ இல்லை என்றோ முடிவு கட்ட வேண்டாம் என்று ஹார்மோன் மருத்துவ நிபுணர்களின் அமைப்பான எண்டோகிரைன் சொசைட்டி 2014-இல் வெளியிட்ட வழிகாட்டுதலும் சொல்கிறது.

சரி, ஐஜிஎஃப்-1 எப்படி இந்த இடத்துக்கு வந்தது? 1957-இல் சால்மன், டாகடே என்ற இருவர் பிட்யூட்டரி நீக்கப்பட்ட எலிகளின் குருத்தெலும்பை வைத்து ஆராய்ச்சி செய்தார்கள். குரோத் ஹார்மோனை நேராகக் குருத்தெலும்பின் மேல் விட்டால் பெரிதாக ஒன்றும் நடக்கவில்லை, ஆனால் குரோத் ஹார்மோன் கொடுக்கப்பட்ட எலியின் சீரத்தை, அதாவது ரத்தத்தின் தெளிந்த நீர்ப்பகுதியை, விட்டால் குருத்தெலும்பு வளர்ச்சியின் அடையாளமாகச் சல்ஃபேட்டை உறிஞ்சத் தொடங்கியது. அப்படியானால் நடுவில் வேறு ஏதோ ஒன்று தூது போகிறது என்று அர்த்தம். 1978-இல் ரிண்டர்க்னெக்ட்டும் ஹும்பெலும் அந்தத் தூதுவனின் கட்டமைப்பை, 70 அமினோ அமிலங்களை, வரிசைப்படுத்திக் காட்டினார்கள். இன்சுலினைப் போலவே இருந்ததால் 'இன்சுலின் போன்ற வளர்ச்சிக் காரணி' என்று பெயர்.

ரத்தத்தில் இருக்கும் ஐஜிஎஃப்-1-இல் பெரும்பகுதியைக் கல்லீரல்தான் செய்கிறது, குரோத் ஹார்மோன் சொல்லித்தான் செய்கிறது. செய்து அனுப்பியது ரத்தத்தில் தனியாக அலைவதில்லை. ஐஜிஎஃப்பிபி-3 என்ற புரதமும் இன்னொரு துணைப் புரதமும் சேர்ந்து அதைக் கட்டிப் பிடித்துக்கொள்கின்றன. தனியாக விட்டால் சில நிமிஷங்களில் காணாமல் போகக்கூடியது, இந்தப் பிடிக்குள் இருந்தால் மணிக்கணக்கில் நிற்கும். அதனால் காலையில் எடுத்தாலும் சாயங்காலம் எடுத்தாலும், சாப்பிட்டு வந்தாலும் சாப்பிடாமல் வந்தாலும் எண் பெரிதாக ஆடாது. ஒரே ஒரு குழாய் ரத்தம் போதும். சந்தேகம் வந்தால் முதலில் கேட்க வேண்டிய டெஸ்ட் இதுதான், இதில் எனக்கு இரண்டாவது கருத்தே இல்லை.

ஆனால் ஐஜிஎஃப்-1-ஐயும் கண்ணை மூடிக்கொண்டு நம்ப முடியாது. முதல் பிரச்சினை வயது. பருவம் அடைகிற காலத்தில் இது உச்சத்துக்குப் போகும், அதன்பின் வருஷா வருஷம் இறங்கிக்கொண்டே வரும். 15 வயதுப் பிள்ளைக்கு 400 என்றால் யாரும் கவலைப்படத் தேவையில்லை, அதே 400 ஒரு 60 வயதுக்காரருக்கு வந்தால் விடக் கூடாது. ரிப்போர்ட்டில் வயதுவாரியான நார்மல் எல்லை இல்லாமல் பெரியவர்கள் எல்லோருக்கும் ஒரே கோடு போட்டிருந்தால், தயங்காமல் திரும்பப் போய்க் கேளுங்கள். லேபுக்கு லேப் மெஷினும் கிட்டும் மாறும், ஒரே ரத்தத்துக்கே இரண்டு இடத்தில் வேறு வேறு எண் வரும், அதனால் தொடர்ந்து பார்க்கிறவர்கள் ஒரே லேபில் பார்ப்பது நல்லது. அலகையும் கவனியுங்கள். சில இடங்களில் மில்லிலிட்டருக்கு நானோகிராம், சில இடங்களில் லிட்டருக்கு நானோமோல், முன்னதை 7.65-ஆல் வகுத்தால் பின்னது கிடைக்கும். இது தெரியாமல் 540-ஐயும் 70-ஐயும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் நோய் பாதிக்கு மேல் குறைந்துவிட்டது போலத் தோன்றும், இரண்டும் ஒரே அளவுதான்.

இன்னும் ஆழமான பிரச்சினை சர்க்கரை. கல்லீரல் குரோத் ஹார்மோனுக்குச் செவிசாய்க்க வேண்டுமென்றால் அதற்குப் போதிய இன்சுலின் கிடைக்க வேண்டும். சர்க்கரை கட்டுக்கடங்காமல் இருக்கும்போது இன்சுலின் போதாமல் கல்லீரல் மந்தமாகிவிடும், மேலே எவ்வளவு பெய்தாலும் கிணற்றில் ஊறாது. அக்ரோமெகாலியே சர்க்கரையை ஏற்றிவிடும் நோய் என்பதை இதோடு சேர்த்துப் பாருங்கள். நோய் தன் அடையாளத்தைத் தானே அழித்துக்கொள்கிறது! அறிகுறிகள் பளிச்சென்று இருந்தும் ஐஜிஎஃப்-1 நார்மலாக வந்தால், சர்க்கரையைக் கட்டுக்குள் கொண்டுவந்த பிறகு ஒரு தடவை திரும்பப் பார்ப்பதுதான் சரி. கல்லீரல் நோய், ஊட்டச்சத்துக் குறைவு, தைராய்டு குறைவு இவையும் எண்ணைக் கீழே இழுக்கும். வாயால் விழுங்கும் ஈஸ்ட்ரோஜன் மாத்திரையும் இழுக்கும், அது குடலிலிருந்து நேராகக் கல்லீரலுக்குப் போவதால். தோலில் ஒட்டும் ஈஸ்ட்ரோஜனுக்கு இந்தத் தொல்லை அவ்வளவாக இல்லை. கர்ப்ப காலத்தில் எண் ஏறும், அதை நோய் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது.

மூன்றாவது, குளுக்கோஸ் டெஸ்ட். இதை நான் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். இரவு முழுக்க வெறும் வயிறு. காலையில் கையில் ஒரு சின்ன ஊசிக்குழாயைப் போட்டு முதல் ரத்தத்தை எடுத்துக்கொண்டார்கள். அப்புறம் 75 கிராம் குளுக்கோஸ் கரைத்த தண்ணீரை ஐந்து நிமிஷத்துக்குள் குடிக்கச் சொன்னார்கள். பாதி டம்ளரிலேயே அம்மாவுக்குக் குமட்டியது, கண்ணை மூடிக்கொண்டு மீதியையும் இறக்கினார். அதன்பின் அரை மணிக்கு ஒருமுறை வந்து அதே குழாய் வழியாக ரத்தம் எடுத்தார்கள், மொத்தம் ஐந்து குழாய், ஒவ்வொன்றிலும் நேரம் எழுதி ஒட்டினார்கள். சர்க்கரை ஏறினால் ஆரோக்கியமான பிட்யூட்டரி குரோத் ஹார்மோனை அடக்கிவிட வேண்டும், மில்லிலிட்டருக்கு 1 நானோகிராமுக்குக் கீழே போக வேண்டும். இப்போதைய நுட்பமான கருவிகளில் 0.4 என்ற இன்னும் இறுக்கமான கோட்டையும் வைக்கிறார்கள். கட்டியிலிருந்து சுரப்பதோ இந்தப் பேச்சைக் கேட்காது. அம்மாவின் எண்கள் வரிசையாக 3.4, 2.9, 2.6, 2.8, 3.3. இரண்டு மணி நேரத்தில் ஒரு தடவைகூட 2.6-க்குக் கீழே இறங்கவில்லை. இரண்டு வருஷத்துக்கு முன்னால் 'நார்மல்' என்று வாங்கி வந்த அதே ஹார்மோன், அதே அளவு. கேட்ட கேள்வி மாறியது, அதனால் பதில் மாறியது.

முன்பு உறுதி செய்ய இதைத்தான் பொன்விதி போல வைத்திருந்தார்கள். இப்போது கொஞ்சம் பின்னுக்குப் போயிருக்கிறது. அறிகுறிகள் தெளிவாக இருந்து, ஐஜிஎஃப்-1 அந்த வயதுக்கான மேல் எல்லையைப்போல் 1.3 மடங்குக்கு மேல் இருந்தால் அதுவே போதும், குளுக்கோஸ் டெஸ்ட் தேவையில்லை என்பது சமீபத்திய நிபுணர் குழுவின் நிலை. அம்மாவுக்கு 2.5 மடங்கு, இன்றைக்கு என்றால் அந்த டம்ளரைக் குடிக்க வேண்டியிருந்திருக்காது. எண் எல்லைக்கோட்டில் ஊசலாடும்போதுதான் இந்த டெஸ்டின் அருமை தெரியும். ஆனால் அங்கேயும் சில குறைகள். ஏற்கெனவே சர்க்கரை மிக அதிகமாக இருப்பவருக்கு இதைக் கொடுப்பது சரியல்ல, கொடுத்தாலும் பதில் தெளிவாக வராது. வளர்பருவப் பிள்ளைகளிடம், கர்ப்பிணிகளிடம், கல்லீரல் அல்லது சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களிடம் கட்டி இல்லாமலேயே ஹார்மோன் அடங்காமல் போகலாம். ஒல்லியான இளம்பெண்களிடம் கொஞ்சம் மேலேயே நிற்கும், உடல் பருமன் உள்ளவர்களிடம் நன்றாகவே இறங்கிவிடும்.

'இதெல்லாம் எதற்கு, நேராக மூளைக்கு எம்ஆர்ஐ எடுத்துவிட்டால் என்ன?' என்று பலர் நினைக்கிறார்கள், நாங்களும் நினைத்தோம். பிட்யூட்டரியில் ஒன்றும் செய்யாத சின்னக் கட்டிகள் ஏறக்குறைய பத்தில் ஒருவருக்கு இருக்கின்றன. ரத்தத்தில் ஆதாரம் இல்லாமல் ஸ்கேனில் ஒரு புள்ளியைக் கண்டுபிடித்தால் வீண் பயம்தான் மிச்சம். ரத்தம் முதலில், ஸ்கேன் அப்புறம்.

ஐஜிஎஃப்பிபி-3-ஐத் தனியாக அளப்பதும் உண்டு. பெரியவர்களின் அக்ரோமெகாலிக்கு அது ஐஜிஎஃப்-1-ஐவிடப் பெரிதாக எதுவும் சொல்லிவிடாது. சின்னக் குழந்தைகளிடம் மட்டும் அதற்கு மதிப்பு இருக்கிறது, ஏனென்றால் நாலைந்து வயது வரை ஐஜிஎஃப்-1 இயல்பாகவே மிகத் தாழ்வாக இருக்கும். உயரம் குறைவான பிள்ளையைக் கூட்டிக்கொண்டு அலையும் பெற்றோருக்கு ஒன்று சொல்ல வேண்டும்: அங்கேயும் ஒற்றைக் குரோத் ஹார்மோன் டெஸ்ட் வீண்தான், ஆனால் காரணம் தலைகீழ். நோய் இல்லாத பிள்ளைக்கும் பகலில் பூஜ்யத்தை ஒட்டியே வரும். அதனால்தான் மருந்து கொடுத்துச் சுரப்பியைத் தூண்டிவிட்டு அளக்கிறார்கள். பெரியவர்களின் ஹார்மோன் குறைபாட்டிலும் ஐஜிஎஃப்-1 நார்மலாக இருப்பதால் மட்டும் குறைபாடு இல்லை என்று சொல்லிவிட முடியாது. அதிகம் சுரக்கிறதா என்ற கேள்விக்கு நன்றாகப் பதில் சொல்லும் டெஸ்ட், குறைவாகச் சுரக்கிறதா என்ற கேள்விக்கு அரைகுறையாகத்தான் பதில் சொல்கிறது.

ஆபரேஷனுக்குப் பிறகு எது? உடனே ஐஜிஎஃப்-1 பார்த்துவிட்டுப் பயப்பட வேண்டாம், கிணறு வற்ற நாள் எடுக்கும், 12 வாரம் கழித்துப் பார்ப்பதுதான் வழக்கம். ஆக்ட்ரியோடைடு, லான்ரியோடைடு மாதிரி குரோத் ஹார்மோன் சுரப்பை அடக்கும் மாதாந்திர ஊசி போடுகிறவர்களுக்குக் குளுக்கோஸ் டெஸ்ட் உதவாது. பெக்விசோமன்ட் போடுகிறவர்கள் குரோத் ஹார்மோன் பக்கமே போகக் கூடாது. அந்த மருந்து ஹார்மோனைக் குறைப்பதில்லை, அது போய் ஒட்டும் இடத்தை அடைத்துவிடுகிறது. உள்ளே செயல் குறைவதை உணர்ந்து பிட்யூட்டரி இன்னும் கூடச் சுரக்கும், குரோத் ஹார்மோன் எண் ஏறும், நோயோ அடங்கிக்கொண்டிருக்கும். அவர்களுக்கு ஐஜிஎஃப்-1 ஒன்றுதான் கணக்கு.

அம்மாவுக்கு மூக்கு வழியாகத்தான் கட்டியை எடுத்தார்கள். 12 வாரம் கழித்து ஐஜிஎஃப்-1 191. குறட்டை குறைந்துவிட்டது, சர்க்கரை மாத்திரை பாதியானது, விரல்களின் தடிப்பும் வற்றியது. செருப்பு சைஸ் மட்டும் இறங்கவில்லை, வளர்ந்த எலும்பு வளர்ந்ததுதான். ரிப்போர்ட்டுகளை எல்லாம் தேதிவாரியாக ஒரு ஃபைலில் போட்டு வைத்திருக்கிறேன், ஒவ்வொன்றின் மேல் ஓரத்திலும் லேப் எது, அன்றைக்கு அம்மாவுக்கு என்ன வயது, அந்த வயதுக்கு எல்லை எவ்வளவு, அந்த வாரம் சர்க்கரை எப்படி இருந்தது என்று பேனாவில் எழுதி வைக்கிறேன். முதல் தாள் அந்த 3.1. அதை இன்னும் எடுத்துப் போடவில்லை.